கிணற்றின் வாயில்

(வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவுக் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பயண அனுபவம் ஒன்றைப் பற்றிப் பேசுமாறு அமைப்பாளர்கள் என்னைப் பணித்தார்கள். நான் ஒப்புக்கொண்டதற்கு வேறொரு காரணமும் உண்டு. நம் வட்டத்தின் ஐந்தாம் ஆண்டு மலரில் மயனைப் பற்றி நான் ஒரு கவிதை எழுதியிருந்தேன். மெக்சிகோ நாட்டுப் பிரமிடுகளைக் கட்டிய மாயர்கள் நம் மயன் வழிவந்தவர்கள் என்றும், அங்கே நிற்கும் கற்கள் நம் சிற்பிகளின் உளி பட்டவை என்றும் அதில் பாடியிருந்தேன். அது அரங்கேறிய மாலையில் எழுந்த கைத்தட்டல் இன்னும் என் காதில் இருக்கிறது. எழுதியபோது நான் அந்த நாட்டைப் பார்த்ததில்லை. 2023ஆம் ஆண்டு பிப்ரவரியில் பார்த்தேன். ஒரே ஒரு நாள்தான். அந்த ஒரு நாளைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

ஹூஸ்டனில் வாழும் மகள் வீட்டிற்குச் சென்றிருந்தபோது, விமானத்தில் இரண்டு மணி நேரந்தானே என்று என்னைக் கான்குன் நகருக்கு அழைத்துச் சென்றார்கள். கடற்கரை விடுதிகள் நிறைந்த ஊர் அது. அங்கிருந்து சிச்சென் இட்சா என்னும் பழைய மாய நகருக்குச் சுற்றுலாப் பேருந்துகள் நாள்தோறும் புறப்படுகின்றன. விடியுமுன் ஏறினோம். ஏறத்தாழ 200 கிலோமீட்டர். வழியில் மாநில எல்லையைக் கடந்ததும் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னுக்குத் தள்ளிக்கொள்ளச் சொன்னார் வழிகாட்டி. ஐம்பது வயதிருக்கும். குள்ளமான, உறுதியான உடல். ஸ்பானியத்திலும் ஆங்கிலத்திலும் மாறி மாறிப் பேசினார். யுகாத்தான் தீபகற்பத்துச் சிற்றூர் ஒன்றில் பிறந்த மாயர்.

பேருந்தில் ஒருவர் கேட்டார்: "மாயர்கள் திடீரென்று எங்கே மறைந்துபோனார்கள்?" வழிகாட்டி சிரித்தார். "இந்தப் பேருந்தை ஓட்டிக்கொண்டிருப்பவர் மாயர். நானும் மாயன். நாங்கள் இரண்டு பேரும் மறையாமல் இருப்பது உங்களுக்கு நல்லது" என்றார். எல்லோரும் சிரித்தோம். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பில் எனக்கும் ஒரு பங்கு வைக்கப்பட்டிருந்தது என்பது பிறகுதான் விளங்கிற்று.

வழிநெடுகக் குட்டையான காடு. ஓர் ஆறுகூடக் கண்ணில் படவில்லை. வட யுகாத்தானில் நிலத்தின்மேல் ஓடும் ஆறுகளே இல்லை. தரை முழுதும் சுண்ணாம்புப் பாறை. பெய்யும் மழையெல்லாம் பாறையின் துளைகள் வழியே கீழிறங்கி, நிலத்தடியில் குகைகளாகவும் நீரோட்டங்களாகவும் பரவுகிறது. குகையின் கூரை இடிந்து விழும் இடங்களில் நீர் வெளிச்சத்தைக் காண்கிறது. மாய மொழியில் அதற்குச் 'சோனோத்' என்று பெயர். ஸ்பானியர் நாவில் அது 'செனோத்தே' ஆயிற்று. அச்சொல்லின் முதல் எழுத்தை ஒலிக்கும்போது தொண்டையில் ஒரு சிறு வெடிப்பு உண்டு. நம் எழுத்தில் அதை எழுத வழியில்லை. 'சிச்சென் இட்சா' என்ற பெயருக்கே 'இட்சா மக்களின் கிணற்று வாயில்' என்றுதான் பொருள். நாம் ஆற்றங்கரையில் ஊர் கண்டவர்கள். அவர்கள் கிணற்றின் வாயிலில் ஊர் கண்டவர்கள்.

பழைய நகருக்குள் நுழைந்ததும் எதிரே எழுந்தது குக்குல்கான் பிரமிடு. சிறகுடைய பாம்புத் தெய்வத்தின் கோயில் அது. உச்சிக் கோயிலோடு சேர்த்து ஏறத்தாழ 30 மீட்டர் உயரம். நான்கு பக்கமும் படிகள், பக்கத்திற்கு 91. மேல்தளத்தையும் ஒரு படியாகக் கொண்டால் 365, ஓர் ஆண்டின் நாட்கள். இரவும் பகலும் சமமாகும் நாட்களை ஒட்டி, மாலை வெயிலில் படிக்கட்டின் கைப்பிடிச் சுவரில் முக்கோண நிழல்கள் விழுந்து, பாம்பொன்று இறங்கிவருவதுபோல் தோன்றுமாம். இப்போது யாரையும் மேலே ஏற விடுவதில்லை. வழிகாட்டி படிக்கட்டின் முன் நின்று கைதட்டினார். பறவையின் கீச்சொலிபோல் எதிரொலி திரும்பி வந்தது. 168 மீட்டர் நீளமுள்ள பந்தாட்டக் களத்தையும், உயரச் சுவரில் பதிந்த கல் வளையங்களையும் பார்த்தோம். புள்ளியும் கோடும் சிப்பியும் கொண்டு இருபதின் அடிப்படையில் அவர்கள் எண்களை எழுதிய முறையை மண்ணில் குச்சியால் வரைந்து காட்டினார். சிப்பி என்பது சுழியம்.

பிரமிடுக்கு வடக்கே புனிதக் கிணற்றுக்கு ஒரு பழைய பாதை செல்கிறது. 'சக்பே', அதாவது வெள்ளைச் சாலை, என்பது அதன் பெயர். இருமருங்கிலும் அக்கம்பக்கத்து ஊர்களின் மாயர்கள் மரமுகமூடிகளையும் சிறுத்தைபோல் உறுமும் ஊதிகளையும் விற்கிறார்கள். பாதை முடியும் இடத்தில் ஏறத்தாழ 60 மீட்டர் அகலத்தில் வட்டமாய் வாய் திறந்திருக்கிறது அந்தக் கிணறு. செங்குத்தான பாறைச் சுவர்களுக்குக் கீழே, ஆழத்தில், பாசி படர்ந்த பச்சை நீர். இங்கே யாரும் இறங்குவதில்லை. மழைத் தெய்வமான சாக்கிற்குப் படைத்த பச்சைக்கற்களும் பொன்னும் சாம்பிராணி போன்ற நறும்பிசினும், சிறுவர்கள் உட்பட மனிதர்களின் எலும்புகளும் இதன் அடியிலிருந்து எடுக்கப்பட்டிருக்கின்றன. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எட்வர்டு தாம்சன் என்ற அமெரிக்கர் இந்நிலத்தின் உரிமையாளராக இருந்து, இதைத் தூர்வாரி, கிடைத்தவற்றை ஆர்வர்டு பல்கலைக்கழகத்தின் அருங்காட்சியகத்திற்கு அனுப்பினார். அவற்றில் ஒரு பகுதி பின்னாளில் மெக்சிகோவுக்குத் திரும்பியது.

அங்கே நின்றுகொண்டுதான் நான் என் கருத்தை வழிகாட்டியிடம் சொன்னேன். எங்கள் நாட்டிலும் மயன் என்றொரு தெய்வத்தச்சன் உண்டு. மகாபாரதத்தில் அவன் பாண்டவர்களுக்கு மண்டபம் கட்டித் தந்தான். உங்கள் பெயரும் அவன் பெயரும் ஒன்று. ஆகவே நாம் உறவினர். இவ்வளவையும் பெருமையோடு சொல்லி முடித்தேன். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"ஐயா, இருபது ஆண்டுகளாக இந்த வேலை பார்க்கிறேன். இவற்றை எகிப்தியர் கட்டினார்கள் என்று சொன்னவர்கள் உண்டு. கடலில் மூழ்கிய நாட்டவர் கட்டினார்கள் என்றவர்கள் உண்டு. வானத்திலிருந்து இறங்கியவர்கள் என்றவர்களும் உண்டு. இன்று நீங்கள் உங்கள் நாட்டவர் என்கிறீர்கள். எல்லோரும் மரியாதையாகத்தான் சொல்கிறீர்கள். ஆனால் என் பாட்டனை விட்டுவிட்டு மற்ற எல்லோருக்கும் கொடுத்துவிடுகிறீர்கள்."

கோபமில்லாமல்தான் சொன்னார். என்னால் பதில் சொல்ல முடியவில்லை. தஞ்சைப் பெரிய கோயிலின் முற்றத்தில் ஓர் அயல்நாட்டார் நின்று, "இது எங்கள் ஊர்க்காரர் கட்டியது, நீங்கள் எங்கள் தம்பிமார்" என்று என்னிடம் சொல்லியிருந்தால் நான் எப்படி நின்றிருப்பேன்?

அன்பர்களே, ஊர் திரும்பியபின் படித்துப் பார்த்தேன். 1841இலும் 1843இலும் வெளியிட்ட பயண நூல்களில் ஜான் லாயிட் ஸ்டீபன்ஸ் இதே கேள்வியை எழுப்பினார். கடல் கடந்து வந்த யாரோ கட்டினார்கள் என்ற பேச்சை மறுத்து, அங்கே வாழும் மக்களின் முன்னோரே கட்டினார்கள் என்று அன்றே எழுதினார். பெயர் ஒற்றுமையும் நிற்கவில்லை. 'மாயா' என்பது யுகாத்தான் பகுதியின் பெயர். குவாத்தமாலா மலைநாட்டவர் தம்மைக் கிச்சே என்றும் கக்சிக்கேல் என்றும் சொல்லிக்கொண்டார்கள். முப்பது மொழிகள் பேசும் மக்களனைவருக்கும் 'மாயர்' என்ற ஒரே பெயரைச் சூட்டியது பிற்கால வழக்கம். அந்தப் பெயரின் மேல்தான் நான் என் கவிதையைக் கட்டியிருந்தேன்.

நண்பகலுக்குப் பின், எங்கள் பேருந்து நினைவுப்பொருள் கடையொன்றில் தேவைக்கு மேல் நின்றுவிட்டு, அருகிலுள்ள இக் கில் என்னும் செனோத்தேக்குச் சென்றது. நீரில் இறங்குமுன் எல்லோரும் குளித்தாக வேண்டும். உடம்பில் பூசிய வெயில்களிம்பு நீரில் கலக்கக்கூடாது என்பது விதி. மிதவைச் சட்டை அணிவித்தார்கள். பாறையைக் குடைந்த படிக்கட்டில் 26 மீட்டர் இறங்கினோம். மேலே வட்டமாய் வானம். விளிம்பிலிருந்து மரவேர்களும் கொடிகளும் நீரைத் தொடும்வரை தொங்குகின்றன. நீருக்குள் கரிய சிறு மீன்கள். ஆழம் 40 மீட்டருக்கு மேல்.

எங்கள் ஊர்க் கிணற்றில் நீந்திப் பழகியவன் நான். தயங்காமல் இறங்கினேன். குளிர்ந்த நீர், உப்பில்லாத நீர். மல்லாந்து மிதந்தபோது பேச்சொலிகளெல்லாம் அடங்கிப்போயின. வழிகாட்டி படியில் அமர்ந்து பார்த்துக்கொண்டிருந்தார். கரையேறியதும் சொன்னார்: "என் தாய் செனோத்தேக்குப் போகும்போதெல்லாம் முதலில் அனுமதி கேட்பாள். நீருக்கு ஒரு காவல் உண்டு என்பாள். இப்போது விடுதிகளின் கழிவும் பன்றிப் பண்ணைகளின் கழிவும் இதே பாறைக்குள்தான் இறங்குகின்றன. மேலே ஊற்றுவதெல்லாம் கீழே குடிக்கும் நீரில் சேர்ந்துவிடும்."

மாலையில் வய்யதோலித் என்ற ஊரில் சிறிது நேரம் நிறுத்தினார்கள். சாக்கி என்னும் மாய ஊரை இடித்து ஸ்பானியர் எழுப்பிய நகரம் அது. தேவாலயத்தின் எதிரே அமர்ந்திருந்தபோது, நான் எழுதுபவன் என்று அறிந்த வழிகாட்டி நூல்களைப் பற்றிப் பேசினார். மாயர்கள் மரப்பட்டைத் தாளில் நூல்கள் எழுதியவர்கள். 1562ஆம் ஆண்டு சூலை 12ஆம் நாள், மானி என்ற ஊரில் தியேகோ தெ லாண்டா என்ற பாதிரியார் அவற்றைக் குவித்து எரித்தார். இன்று உலகில் எஞ்சியிருப்பவை நான்கே நான்கு. மூன்று ஐரோப்பாவில் உள்ளன, ஒன்று மெக்சிகோவில். 1981ஆம் ஆண்டு யாழ்ப்பாணத்தில் எரிந்ததை மறவாத நமக்கு இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. எரித்த அதே லாண்டா எழுதிவைத்த குறிப்புகளிலிருந்த எழுத்துப் பட்டியலைத் துணைகொண்டுதான், 1952இல் யூரி க்னோரோசோவ் என்ற சோவியத் அறிஞர் மாய எழுத்தைப் படிக்கும் வழியைத் திறந்தார்.

நூல்கள் எரிந்தன, மொழி எரியவில்லை. மெக்சிகோவின் 2020ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் யுகாத்தான் மாய மொழி பேசுவோர் 7,74,000க்கும் மேல். அம்மொழியில் பிரிசெய்தா குவேவாஸ் கோப் என்ற பெண் கவிஞர் எழுதுகிறார். கிச்சே மொழியில் எழுதிய உம்பெர்த்தோ அக்கபால் 2019இல் மறைந்தார். என் கவிதையை எழுதியபோது இந்த இரு பெயர்களும் எனக்குத் தெரியாது. மாயர்களைப் பற்றிப் பாடிய நான், அவர்களில் ஒரு கவிஞரையும் படித்திருக்கவில்லை. இதை உங்கள் முன் சொல்லவே வெட்கமாக இருக்கிறது.

இம்மலரில் மறுபதிப்புச் செய்யத் தேர்ந்த பட்டியலில் அந்தக் கவிதையும் இருந்தது. அதை நீக்கிவிடுமாறு பதிப்புக் குழுவைக் கேட்டுக்கொண்டேன், அவர்களும் இசைந்தார்கள். உறவு கொண்டாடுவது நல்ல பண்புதான். ஆனால் பிறர் வீட்டுக்குள் நுழைந்து, அவர் பாட்டன் படத்தை இறக்கிவிட்டு நம் பாட்டன் படத்தை மாட்டுவது உறவாகாது. அவர்களோடு நமக்கு உண்மையில் பொதுவாக உள்ளவை நீரின் அருமையும், எரிந்த நூல்களின் நினைவும், எரிந்தபின்னும் பேசிக்கொண்டிருக்கும் மொழியும். ஒரு கவிதைக்கு அவை போதும். வரும் ஆண்டில் நம் மாதக் கூட்டங்களில் ஒன்றை மாய மொழிக் கவிஞர்களைப் படிப்பதற்கென்று ஒதுக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இரவு கான்குனில் இறங்கியபோது, நலம் விசாரிப்பதை உங்கள் மொழியில் எப்படிச் சொல்வீர்கள் என்று வழிகாட்டியிடம் கேட்டேன். "பிஷ் அ பேல்" என்றார். 'உன் வழி எப்படி இருக்கிறது?' என்பது அதன் நேர்ப்பொருள். காலையில் நடந்த வெள்ளைச் சாலையின் பெயரில் உள்ள 'பே'தான் இதிலும் இருக்கிறது. நான் அதைத் திருப்பிச் சொன்னேன். தொண்டை ஒலி சரியாக வரவில்லை என்று இரண்டு முறை திருத்திக்கொடுத்துவிட்டு, கைகுலுக்கிப் போனார்.