ஆட்சேபத்துடன் பெறுக

பிழைப்பை நாடிப் பிற மாநிலங்களில் வாழும் நம்மிற் பலருக்குப் பிறந்த ஊரில் சிறிது நிலமேனும் உண்டு. பொதுக் காரியத்துக்காகச் சர்க்கார் அதை எடுக்கும்போது, நாம் அங்கே இருப்பதில்லை. தம்பியோ மைத்துனரோ நம் சார்பில் கையெழுத்திட்டுப் பணத்தைப் பெற்றுவிடுகின்றனர். தொகை குறைவென்று நாம் உணர்வதற்குள் வழி அடைபட்டுவிடுகிறது.

1894-ஆம் ஆண்டின் நில எடுப்புச் சட்டத்துக்குப் பதிலாக 2013-இல் இயற்றப்பெற்ற சட்டம், நஷ்டஈட்டுடன் அதற்குச் சமமான ஆறுதல் தொகையையும் வழங்கச் சொல்கிறது. தொகை போதாதென்று கருதுவோர் கலெக்டருக்கு எழுத்து மூலம் விண்ணப்பித்து, வழக்கை அதற்குரிய தீர்ப்பாயத்துக்கு அனுப்பக் கோரலாம். ஆனால், ஆட்சேபம் தெரிவிக்காமல் பணம் பெற்றவருக்கு இவ்வுரிமை இல்லை.

கெடுவும் குறுகியது. தொகையை நிர்ணயிக்கும்போது நாமோ நம் பிரதிநிதியோ அங்கிருந்தால், அன்று முதல் ஆறு வாரமே. இல்லையெனில், கலெக்டரின் அறிவிப்புக் கிடைத்து ஆறு வாரம், அல்லது நிர்ணயித்த நாளிலிருந்து ஆறு மாதம். இவற்றில் எது முந்துகிறதோ அதுவே கெடு.

ஆதலின், ஊரிலுள்ள நம் உறவினருக்கு இன்றே ஒரு கடிதம் எழுதுவோம்: “பணத்தை வாங்குங்கள், ‘ஆட்சேபத்துடன் பெற்றுக்கொண்டேன்’ என்று எழுதிக் கையெழுத்திடுங்கள், அன்றே எமக்குத் தெரிவியுங்கள்.” அந்த ஒரு வரியே நம் உரிமையைக் காக்கும் வேலி.