எண்ணிக்கை சொல்வதும் சொல்லாததும்

(போர்ட் பிளேரில் நடைபெற்ற கட்சிக் கல்வி வகுப்பில் ஆற்றிய உரையின் சுருக்கம்)

அளவு, பண்பு என்றவுடன் நமக்கு இயக்கவியல் விதி நினைவுக்கு வரும். பொது சுகாதாரத்தில் இவை இரண்டு ஆய்வு முறைகளைக் குறிக்கின்றன. எத்தனை பேர் நோயுற்றனர், எத்தனை பேர் மாண்டனர் என எண்ணிக் கணக்கிடுவது அளவுசார் ஆய்வு. அது ஏன் நேர்ந்தது என்பதை மக்களிடம் கேட்டும் உடனிருந்து கண்டும் அறிவது பண்புசார் ஆய்வு.

எண்ணிக்கையை நாம் குறைத்து மதிப்பிடலாகாது. 1901ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் கிரேட் அந்தமானியர் 625 பேர். 1961இல் 19 பேர். பிரிட்டிஷ் ஆட்சியும் அதனுடன் வந்த நோய்களும் இழைத்த அழிவுக்கு இதைவிட வலுவான சாட்சியம் வேண்டியதில்லை.

ஆயினும் எண்ணிக்கை ஓரிடத்தில் நின்றுவிடுகிறது. 2008 டிசம்பரில் லிட்டில் அந்தமானின் டுகாங் கிரீக்கில், கரையொதுங்கிய கலனில் இருந்த நச்சுத் திரவத்தை மது எனக் கருதிக் குடித்த ஓங்கே மக்கள் எண்மர் மாண்டனர். 2011 கணக்கெடுப்பின்படி தீவுகளின் மக்கள்தொகை 3,80,581. ஓங்கேக்கள் 101 பேர். பொதுச் சராசரியில் அந்த எட்டு உயிர்களும் கரைந்து மறைந்துவிடும். வேட்டையாடி வாழ்ந்த மக்களிடையே மது எவ்வழி நுழைந்தது என்பதை அட்டவணை கூறாது. அவர்தம் மொழியறிந்து, பொறுமையுடன் செவிமடுப்பவரே அதனை அறிய இயலும்.

1845இல் வெளிவந்த 'இங்கிலாந்தில் தொழிலாளி வர்க்கத்தின் நிலை' நூலில் எங்கெல்ஸ் இவ்விரண்டையும் இணைத்தார். அரசு அறிக்கைகளின் புள்ளிவிவரங்களைத் தொகுத்தார். மான்செஸ்டரின் தொழிலாளர் குடியிருப்புகளையும் நேரில் சென்று கண்டார்.

இன்று நம்முன் நிற்பது கிரேட் நிகோபார் திட்டம். 2022 நவம்பரில் சுற்றுச்சூழல் ஒப்புதல் பெற்ற இத்திட்டத்திற்காகச் சுமார் 130 சதுர கிலோமீட்டர் காடு கையகப்படுத்தப்படுகிறது. அங்கு வாழும் ஷோம்பென் மக்கள் 2011 கணக்கின்படி 229 பேர். அவர்களைக் கேட்டறிவோம் என்று கூட்டமாகச் செல்வதே நோயைக் கொண்டு சேர்க்கக்கூடும். அவர்களுள் பெரும்பாலோர் வெளியாரிடமிருந்து விலகி நிற்கின்றனர். அந்த விலகலே அவர்கள் அளிக்கும் விடை. அதனைச் சான்றாக ஏற்பதும் ஆய்வின் கடமையே.

ஆகவே தோழர்களே, எந்தச் சுகாதார அறிக்கை நம் கைக்கு வந்தாலும் இரு வினாக்களை எழுப்புவோம்: யாரை எண்ணினார்கள்? யாருக்குச் செவிசாய்த்தார்கள்?