பூக் கட்டிப் பார்த்தல்

  

பெண் கொடுப்பதா வேண்டாமா என்பதற்குப் பெண்ணைக் கேட்காமல் பூவைக் கேட்கின்ற வழக்கம் நம் வீடுகளில் இன்னமும் இருக்கின்றது. வெள்ளைப் பூவை ஒரு பொட்டலத்திலும் சிவப்புப் பூவை மற்றொன்றிலும் மடித்துச் சாமி முன் போட்டு, ஒரு குழந்தையை எடுக்கச் சொல்லுகின்றோம். வெள்ளை வந்தால் உத்தரவாம்!

எடுப்பதோ ஒரே பொட்டலம். வெள்ளை வந்தால் சிவப்பு வராது. சிவப்பு வந்தால் வெள்ளை வராது. இதைத்தான் பத்தாம் வகுப்புப் பிள்ளைகள் ‘ஒன்றையொன்று விலக்கும் நிகழ்ச்சிகள்’ என்று படிக்கின்றார்கள். இப்படிப்பட்டவைகளின் நிகழ்தகவுகளைக் கூட்டலாம். அரையும் அரையும் ஒன்று. அதாவது, ஏதோ ஒரு பதில் வந்தே தீரும். சாமி இருந்தாலும் வரும், இல்லாவிட்டாலும் வரும்.

எல்லாவற்றையும் இப்படிக் கூட்டிவிடக் கூடாது. ஆறு முகமுள்ள பகடையில் (முருகனைச் சொல்லவில்லை) இரட்டைப்படை விழ 6-இல் 3. 3-க்கு மேல் விழவும் 6-இல் 3. இரண்டில் ஏதாவதொன்று நடக்க 6-இல் 6 என்றால் தப்பு. 4-ம் 6-ம் இரண்டிலும் இருப்பதால் 6-இல் 4 தான்.

சரி, பொட்டலங்களைக் கலந்து இரண்டாம் தரம் எடுங்கள். முதலில் வந்தது பின்னால் வருவதை விலக்காது. வெள்ளை-வெள்ளை, வெள்ளை-சிவப்பு, சிவப்பு-வெள்ளை, சிவப்பு-சிவப்பு என நான்கு விதம், நான்கும் சமம். இந்நான்கில் ஒன்று வந்தால் மற்றவை வரா, ஆகவே கூட்டலாம். பதில் மாறுவது 4-இல் 2. பாதித் தடவை சாமி சொன்ன சொல்லை மாற்றுகின்றது! பூசாரி இரண்டாம் தரம் பார்க்கவிடாததன் இரகசியம் இதுதான் போலும்.

நம்பாதவர்கள் இன்றிரவே 20 தரம் எடுத்துப் பாருங்கள். கணக்கை அந்தப் பெண்ணையே எழுதச் சொல்லுங்கள்.