வீடு கட்டியவர்



பட்டமளிப்பு மேடைகளில் ஒரு விஞ்ஞானியையோ பெரிய முதலாளியையோ உதாரணம் காட்டுவது வழக்கம். நான் ஒரு கமராக்காரரைப் பற்றிப் பேசப்போகிறேன். “படம் எடுக்கப் போறன்” என்று வீட்டில் சொன்னால் இன்றைக்கும் என்ன பதில் வரும் என்று உங்களுக்குத் தெரியும். பாலுமகேந்திரா அதைச் சொன்னது அறுபதுகளில்.

மட்டக்களப்பு அமிர்தகழியில் 1939இல் பாலநாதன் பெஞ்சமின் மகேந்திரனாகப் பிறந்தவர் அவர். பள்ளிச் சுற்றுலா ஒன்றில் கித்துல்கலைக்குப் போனபோது, களனி கங்கைக் கரையில் டேவிட் லீன் ‘குவாய் நதிப் பாலம்’ படத்தை எடுத்துக்கொண்டிருந்தார். லீன் “மழை” என்று குரல் கொடுத்தாராம், மழை கொட்டியதாம். நானும் ஒருநாள் மழையைப் பெய்யச் சொல்வேன் என்று அன்றே நினைத்ததாகப் பிற்காலத்தில் அவர் சொல்லிவந்தார். 1966இல் பூனா திரைப்படக் கல்லூரிக்குப் போனார். ஒளிப்பதிவு படித்து, 1969இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார்.

மழையை அதட்டி வரவழைக்க ஆசைப்பட்ட பையன், தொழிலில் அதற்கு நேர்மாறான ஆள் ஆனார். பெரிய பெரிய விளக்குகளைச் சுற்றிவர நிறுத்தி ஒரு நிழலும் விழாமல் படமெடுத்த காலம் அது. இவர் யன்னலால் எந்தப் பக்கம் வெளிச்சம் வருகிறது, எத்தனை மணிக்கு வருகிறது என்று பார்த்துக் காத்திருந்தார். 1974இல் வெளிவந்த ராமு காரியத்தின் ‘நெல்லு’ மலையாளப் படத்துக்கு அப்படித்தான் ஒளிப்பதிவு செய்தார். கேரள அரசு விருது கிடைத்தது. பிறகு மகேந்திரன் என்ற இன்னொருவர் முதன்முதலாக இயக்கிய ‘முள்ளும் மலரும்’, மணிரத்னத்தின் முதல் படமான ‘பல்லவி அனுபல்லவி’ இரண்டுக்கும் கமரா இவர்தான். தமிழ் சினிமாவின் இரண்டு பெரிய இயக்குநர்களின் தொடக்கங்களை நாம் ஒரு மட்டக்களப்பாரின் கண்ணால்தான் பார்த்தோம்.

அவர் இயக்கிய முதற்படம் கன்னடத்தில் வந்த ‘கோகிலா’, 1977இல். அதன் ஒளிப்பதிவுக்குத் தேசிய விருது; 1982இல் ‘மூன்றாம் பிறை’க்கு இன்னொன்று. எல்லாப் படமும் நல்ல படம் என்று நான் சொல்லமாட்டேன். ‘நீங்கள் கேட்டவை’ மாதிரிப் படங்களை எடுக்காமலே விட்டிருக்கலாம். ஆனால் ‘வீடு’ எடுத்தவருக்கு அதையெல்லாம் மன்னிக்கலாம்.

1988இல் வந்த ‘வீடு’ படத்தில் பாட்டு இல்லை, சண்டை இல்லை. வாடகை வீட்டை விடச் சொன்னதால், சென்னையில் ஒரு துண்டுக் காணியில் சின்ன வீடு கட்டத் தொடங்குகிறாள் அர்ச்சனா நடித்த சுதா. கடன் எடுக்கிறாள், நகையை விற்கிறாள். கொந்தராத்துக்காரன் சீமெந்தைக் களவெடுத்து விற்கிறான். சொக்கலிங்க பாகவதர் நடித்த தாத்தா பஸ் ஏறிப் போய், பூசாத சுவரைக் கையால் தடவிப் பார்க்கிறார். அந்த இடத்தில் வசனம் தேவைப்படவில்லை. சிறுவயதில் தன் அம்மா வீடு கட்டியபோது பட்ட பாட்டிலிருந்துதான் இந்தப் படம் பிறந்தது என்று பாலுமகேந்திரா சொல்லியிருக்கிறார். ஈழத்தைப் பற்றி அவர் ஒரு முழுநீளப் படமும் எடுக்கவில்லை என்று இங்கே பலருக்கு மனக்குறை உண்டு. எனக்கு இல்லை. கட்டி முடித்த வீட்டைப் பூட்டித் திறப்பை இடுப்பில் செருகிக்கொண்டு 1995 ஒக்ரோபரில் போரால் இடம்பெயர்ந்து வெளிக்கிட்ட ஊரவர்களோடு இருந்து ‘வீடு’ பாருங்கள். அது யாருடைய கதை என்று அவர்கள் சொல்வார்கள்.

ஆனால் நான் சொல்ல வந்தது இனித்தான். ‘வீடு’ தேசிய விருது பெற்ற படம். அதன் மூல நெகற்றிவ் இன்று இல்லை. இதைச் சொல்லி வருந்தியவர் அதை எடுத்தவரே. திரைப்படங்களைப் பாதுகாக்க ஓர் ஆவணக் காப்பகம் வேண்டும் என்று 2014 பெப்ரவரியில் இறக்கும்வரை கேட்டுக்கொண்டிருந்தார். அந்தக் காலத்தில் நெகற்றிவ் லாப்பில்தான் கிடக்கும். தயாரிப்பாளர் மறந்துவிடுவார், லாப் மூடப்படும், குளிரூட்டி நிற்கும், சுருள் அழுகும். யாருக்கும் கெட்ட எண்ணம் இருக்கத் தேவையில்லை.

இலங்கையில் கெட்ட எண்ணமும் சேர்ந்தது. 1983 யூலைக் கலவரத்தில் வத்தளைக்குப் பக்கத்தில் ஹெந்தளை விஜயா ஸ்ரூடியோ எரிக்கப்பட்டது. யாழ்ப்பாண நூலகம் அதற்கு இரண்டு வருடம் முந்தி.

வட்டுக்கோட்டையில் நின்றுகொண்டு இதைச் சொல்ல ஒரு காரணம் உண்டு. இங்கிருந்த செமினரியில் படித்த சி. வை. தாமோதரம்பிள்ளை சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதல் இரு பட்டதாரிகளில் ஒருவரானார். மற்றவர் கரோல் விசுவநாதபிள்ளை, அவரும் இங்கே படித்தவர்தான். தாமோதரம்பிள்ளையின் பட்டத்தை இந்த ஊர் அடிக்கடி சொல்லிப் பெருமைப்படுகிறது. எனக்கு அதைவிடப் பெரிது, செல்லரித்த ஏடுகளைத் தேடிப் பிடித்து, ஒப்பிட்டு, 1885இல் தொல்காப்பியப் பொருளதிகாரத்தையும் 1887இல் கலித்தொகையையும் அவர் அச்சில் ஏற்றியது. ஏட்டுக்கு அவர் இருந்தார். படச்சுருளுக்கு அப்படி ஒருவர் நமக்கு வாய்க்கவில்லை.

2005 முதல் ‘நூலகம்’ எண்ணிம நூலகம் ஈழத்துப் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் இணையத்தில் ஏற்றிவருகிறது. அசையும் படத்துக்கும் ஒலிநாடாவுக்கும் இன்னும் நிறையக் கைகள் வேண்டும். கணினி படித்தவர்களும் இரசாயனம் படித்தவர்களும் இந்த மண்டபத்தில் இருக்கிறீர்கள். அந்த வேலைக்கு இரண்டு பேரும் தேவை.

வீட்டுப் பரணில் பழைய சுருளோ நெகற்றிவோ கிடந்தால், நாளைக்கே எடுத்து மணந்து பாருங்கள். வினாகிரி வாடை அடித்தால் அழுகத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். அதை மற்றவற்றோடு ஒரே பெட்டியில் வைக்காதீர்கள், தொற்றும். தகரப்பெட்டியில் இறுக்கி மூடவும் வேண்டாம், கொஞ்சம் காற்றுப் படவேண்டும். யாருடைய கலியாணம், எந்த வருடம், எந்தக் கோயில் திருவிழா என்று அம்மம்மாவிடம் கேட்டுப் பெட்டியில் எழுதி வையுங்கள். அவர் இருக்கும்போதே கேளுங்கள்.