மதுக்கடையும் கடன் பேரேடும்

(கட்சிக் கல்வி வகுப்பில் நிகழ்த்தப்பட்ட உரையின் சுருக்கம்)



அரசு அலுவலகப் பெயர்ப்பலகைகளில் காணப்படும் 'கலால்' என்னும் சொல் தமிழன்று. வட இந்தியாவிலும் நடு இந்தியாவிலும் சாராயம் வடித்து விற்ற வகுப்பாரின் பெயர் அது. விற்றவரின் பெயரே வரிக்கும் பெயராயிற்று. மது பற்றிய விவாதங்கள் பெரும்பாலும் குடிப்பவனின் ஒழுக்கத்தில் தொடங்கி அங்கேயே முடிந்துவிடுகின்றன. விற்பவன் யார், அவனை ஊர் நடுவே கொண்டுவந்து அமர்த்தியது யார் என்ற வினா எழுவதில்லை. அந்த வினாவுக்குத் தென் குஜராத்தின் வரலாறு தெளிவான விடை தருகிறது.

சூரத் மாவட்டத்தின் ஆதிவாசிகளுக்கு மகுவா மரம் வாழ்வாதாரம். தமிழகத்து இலுப்பையின் உறவு மரம் அது. ஆலையில்லா ஊரின் சர்க்கரை என்று நம்மவர் சொன்ன அந்தப் பூவை அவர்கள் உலர்த்திவைத்துப் பஞ்ச காலத்தில் உண்டனர். அதிலிருந்தே தம் வீட்டுப் பானைகளில் மதுவும் வடித்தனர். திருமணத்துக்கும் இறப்புக்கும் தெய்வத்துக்கும் அது வேண்டியிருந்தது. அங்கே வணிகனுக்கு வேலை இல்லை.

வேலையை உண்டாக்கியது சட்டம். 1878-ஆம் ஆண்டின் பம்பாய் அப்காரிச் சட்டம் வீட்டில் வடிப்பதைக் குற்றமாக்கிற்று. வடிசாலைகள் ஓரிடத்தில் குவிக்கப்பட்டன. உற்பத்தி உரிமை ஒப்பந்தக்காரருக்கும், சில்லறை விற்பனை உரிமம் பெற்ற கடைக்காரருக்கும் சென்றது. கள்ளிறக்கும் மரத்துக்கும் வரி. இதுவும் போதாதென்று 1892-இல் தாணா, கொலாபா மாவட்டங்களில் மகுவாப் பூவை வைத்திருப்பதையே கட்டுப்படுத்தத் தனிச் சட்டம் வந்தது. காட்டில் உதிர்ந்த பூவைப் பொறுக்கியவன் குற்றவாளியானான்!

தென் குஜராத்தில் கடை உரிமங்களைப் பெற்றவர்களில் பெரும்பாலோர் பார்சி வணிகர்கள். இங்கே ஓர் எச்சரிக்கை தேவை. தாதாபாய் நௌரோஜியையும் மேடம் காமாவையும் தந்த சமூகம் அது. பழியைச் சமூகத்தின் மேல் சுமத்துவது வகுப்புவாதிகளின் வேலை. கடைக்காரனின் வலிமை அவன் பிறப்பிலிருந்து வரவில்லை, உரிமத்திலிருந்து வந்தது. கடையில் மது கடனாகக் கிடைத்தது. கடன் பேரேட்டில் ஏறியது. அறுவடையில் தானியமாகக் கழிந்தது. தானியம் போதாதபோது நிலம் கைமாறியது. நிலமிழந்தவன் அதே கடைக்காரனின் வயலில் கூலியாள் ஆனான். கூலியின் ஒரு பகுதி மதுவாகவே அளக்கப்பட்டது. வட்டிக்கடை, தானியக்கடை, பண்ணை மூன்றும் ஒரே கூரையின் கீழ் இயங்கின. அக்கூரையின் மேல் அரசின் முத்திரை இருந்தது.

1922 நவம்பரில் அம்மாவட்டத்தில் வியப்பான ஓர் எழுச்சி பரவிற்று. கடற்கரை மீனவரிடையே தோன்றிய 'தேவி' வழிபாடு மலையோர ஊர்களை அடைந்தது. தேவியின் அருள் வந்து ஆடியவர்கள் வாயிலாகக் கட்டளைகள் பிறந்தன: மதுவும் கள்ளும் கூடாது, இறைச்சி கூடாது, நாள்தோறும் நீராட வேண்டும், மதுக்கடைக்காரரிடம் வேலை செய்யக் கூடாது. மூடநம்பிக்கை என்று இதை ஒதுக்கிவிடும் அவசரம் பொருள்முதல்வாதிக்குத் தகாது. இறுதிக் கட்டளையைக் கவனியுங்கள். அது சாமியாடியின் வாயிலிருந்து வந்த வேலைநிறுத்த அறிவிப்பு! கடைகளில் விற்பனை சரிந்தது, வயல்களில் ஆள் இல்லை. இதனை டேவிட் ஹார்டிமன் தம் நூலில் விரிவாக ஆராய்ந்துள்ளார்.

ஆயினும் எழுச்சி நீடிக்கவில்லை. குடியை விட்டவர் 'வர்ஜேலா', மீண்டும் குடித்தவர் 'சர்ஜேலா' என ஊர்கள் இரண்டாயின. புட்டியைத் துறந்தவர்களால் பேரேட்டைக் கிழிக்க முடியவில்லை. கடனும் போன நிலமும் அப்படியே இருந்தன.

பேரேட்டின் மேல் கைவைத்தது அடுத்த தலைமுறை. தெற்கே தாணா மாவட்டத்தில், 1945-இல் கோதாவரி பருலேகர், சாம்ராவ் பருலேகர் ஆகியோர் தலைமையில் கிசான் சபா வார்லி மக்களைத் திரட்டியபோது, முதல் முழக்கம் மதுவைப் பற்றியதன்று. வெட்டி வேலை ஒழிக, திருமணக் கடனுக்காக அடிமையாகும் முறை ஒழிக என்பதே. அக்டோபர் 10 அன்று தல்வாடாவில் போலீஸ் சுட்டதில் ஐவர் உயிர்நீத்தனர். வார்லிகள் பின்வாங்கவில்லை.

இன்றைய நிலைக்கு வருவோம். மனிதர் அருந்தும் மது சரக்கு-சேவை வரிக்கு வெளியே நிற்கிறது. மாநிலங்கள் தம் விருப்பப்படி வரி விதிக்க எஞ்சிய மிகச் சில இனங்களுள் அது ஒன்று. நிதியதிகாரம் தில்லியில் குவியக் குவிய, மாநில அரசுகள் மதுக்கடையை இன்னும் இறுகப் பற்றிக்கொள்கின்றன. விற்பவர் தனியாரா, அரசே விற்கிறதா என்பது இரண்டாவது கேள்வி.

ஐந்தாம் அட்டவணைப் பகுதிகளுக்கான 1996-ஆம் ஆண்டுப் பெசா சட்டத்தின் 4-ஆம் பிரிவை, மதுக்கடைக்கு எதிராக மனு எழுதும் தோழர்கள் வழக்கமாக மேற்கோள் காட்டுகின்றனர். மதுவைத் தடுக்கவும் கட்டுப்படுத்தவும் கிராம சபைக்கும் ஊராட்சிக்கும் அது அதிகாரம் கூறுகிறது. அதே பத்தியில் அடுத்தடுத்து வருபவை இவை: சிறு வனப்பொருளின் உடைமை, பறிபோன நிலத்தின் மீட்பு, ஊர்ச் சந்தை, கடன் கொடுப்போர் மீதான கட்டுப்பாடு. அடுத்த மனுவில் அவற்றையும் சேர்த்தே எழுதுங்கள்.