மருளும் அருளும்



தலைவனைப் பிரிந்து மெலிந்தாள் ஒரு பெண். உண்ணாள், உறங்காள், கைவளை கழலுகின்றது. காதலென்று அறியாத தாய், மகளை அணங்கு தீண்டிற்று எனக் கருதி வேலனை அழைக்கின்றாள். முற்றத்தில் மணல் பரப்பப்படுகின்றது, கழங்கு இட்டுக் குறி பார்க்கப்படுகின்றது, ஆட்டுமறி அறுக்கப்படுகின்றது. வேலன் வெறியேறி ஆடி, 'இது முருகனால் வந்தது' என்று கூறிவிடுகின்றான். சங்க நூல்கள் வெறியாட்டு என வழங்கும் இக்காட்சியைக் குறிஞ்சிப் பாடல்கள் பலவற்றிற் காணலாம். நற்றிணையில் வரும் தோழி ஒருத்தியோ, உண்மை தெரிந்திருந்தும் வெறிக்களத்துக்கு வந்த முருகப்பெருமானையே அறியாமையுடையவன் என்று இடித்துரைக்கின்றாள். தெய்வத்தையே இடித்துரைக்கும் துணிவு அவளுக்கு எங்கிருந்து வந்தது? தன் தோழியின் நோய் இன்னதென அவள் அறிவாள், அத்துணையே.

ஒருவர் தம் இயல்பு நிலையினின்றும் மாறினால், மாற்றியது யாது? அன்று முற்றத்தில் எழுந்த இவ்வினா இன்று நம் திருவிழாக்களிலும் எழுகின்றது. உடுக்கையும் பம்பையும் உறுமியும் முழங்க, கூட்டத்தில் ஒருவர் உடல் நடுங்கி ஆடத் தொடங்குகின்றார். 'அருள் வந்தது' என்கிறோம். அங்ஙனம் ஆடுவாரையே மருளாளி என்றும் மருளாடி என்றும் அழைக்கிறோம். அருளும் மருளும் ஒருவர்மேலேயே நிற்கும் இவ்வழக்கு வியப்புக்குரியது. பட்டினியும் உறக்கமின்மையும் இடையறாத பறையொலியும் விரைந்த மூச்சும் கூடின் உணர்வுநிலை மாறும் என்று உடல்நூலார் கூறுவர். ஆதலின் அவ்வாட்டம் நடிப்பென்று நாம் நகைத்தல் தகாது. ஆண்டு முழுதும் வாய்திறவாது துன்புறும் ஏழைத்தாய் ஒருத்தி, அந்த ஒரு நாழிகையில் தன் மனக்குறையை ஊரறியச் சொல்லி ஆறுகின்றாள் எனில், அதை நகைக்க நாம் யார்? ஆயினும், உணர்வு மாறியது என்னும் ஒன்று கொண்டே அதனை அருள் எனத் துணியலாமா?

இதற்கு நம் மெய்கண்ட சாத்திரங்கள் தெளிவான விடை தருகின்றன. சிவஞானபோதத்து நான்காம் சூத்திரம் உயிர் அடையும் ஐந்து அவத்தைகளைக் கூறுகின்றது. விழிப்பாகிய சாக்கிரத்தில் உயிர் புருவநடுவில் 35 கருவிகளோடு கூடி நிற்கும். ஞானேந்திரியம் ஐந்தும் கன்மேந்திரியம் ஐந்தும் ஓய, எஞ்சிய 25 கருவிகளோடு கண்டத்தில் நிற்பது கனவு. இதயத்தில் நிற்கும் சுழுத்தியில் சித்தம், பிராணன், புருடன் என்னும் மூன்றே உள. உந்தியில் நிற்கும் துரியத்தில் பிராணனும் புருடனும் ஆகிய இரண்டு. மூலாதாரத்துத் துரியாதீதத்திலோ புருடன் ஒன்றே. பவனி சென்ற மன்னன் அரண்மனைக்கு மீளும்போது, வாயில்தோறும் படைகளை விட்டு, காவலும் வைத்து, முடிவில் தனியே அந்தப்புரம் புகுவதை இதற்கு உவமையாக்குகின்றார் அருணந்தி சிவாசாரியார்.

அன்பர்கள் ஈண்டு ஒன்றைக் கருதவேண்டும். இவ்வாறு கீழிறங்கி அடையும் துரியாதீதம் முத்தியன்று. கருவியெல்லாம் கழன்று உயிர் ஆணவ இருளில் அழுந்திக் கிடக்கும் கேவலநிலை அது. அதனைக் கீழாலவத்தை என்பர். அருள்வழி நிற்பாருக்கு உரியது நின்மலாவத்தை. அங்கும் சாக்கிரம் முதல் துரியாதீதம் வரை அதே ஐந்து பெயர்கள்தாம்! ஆனால் அங்கே உயிர் இருளில் அழுந்தாமல் திருவருளில் அழுந்துகின்றது. பெயர் ஒன்று, புறத்தே காண்பார்க்குத் தோற்றமும் ஏறக்குறைய ஒன்று, பொருளோ நேர்மாறு. மேலும் நம் ஆசிரியர்கள் சாக்கிராதீதம் என்னும் உயர்நிலையைப் பேசுகின்றார்கள். கண் திறந்திருக்க, பொறிகள் தத்தம் தொழிலில் நிற்க, நனவிலேயே இறைவனோடு இரண்டற நிற்றல் அது. உணர்வை இழப்பதை அவர்கள் உச்சமாகக் கொண்டிலர்.

இதற்குத் திருக்காளத்தியில் நிகழ்ந்ததை விடச் சிறந்த சான்று உண்டோ? திண்ணனார் குடுமித்தேவரைக் கண்டது முதல் வேறொருவராகி விட்டார். உடன்வந்த நாணனும் காடனும் அவர் தெய்வ மயக்குற்றார் எனக் கருதினர். தந்தை நாகனும் தேவராட்டியும் வந்தனர். தேவராட்டியோ வேடருக்குத் தெய்வப்பூசை செய்பவள். அவர்கள் செய்தவை எவையும் பயன்படவில்லை, திரும்பிப் போயினர். சங்கத்துத் தாய் செய்த அதே பிழையை இவர்களும் செய்தனர் அல்லவா?

ஆனால் மயங்கியவர் என்று கருதப்பட்ட திண்ணனார் செய்தவற்றை எண்ணிப் பாருங்கள். இறைச்சியை மென்று சுவை பார்த்துத் தேர்ந்தெடுத்தார். இரவு முழுதும் வில்லேந்திக் காவல் நின்றார். ஆறாம் நாள் திருக்கண்ணில் குருதி பெருகக் கண்டதும், தீங்கு செய்தது வேடரோ விலங்கோ என்று முதலில் தேடினார். பின்னர்க் காட்டிற்குச் சென்று பச்சிலை கொணர்ந்து பிழிந்தார். அது பலிக்காத பின்னரே ஊனுக்கு ஊனே மருந்தென்பது நினைவுக்கு வர, தம் கண்ணை இடந்து அப்பினார். மற்றைக் கண்ணையும் இடக்க முற்பட்டபோது, தமக்குப் பார்வை போய்விடும் என்பதை முன்னறிந்து, அடையாளத்துக்குத் திருவடியை ஊன்றிக்கொண்டார். இத்துணைத் தெளிவு மயக்கத்தில் வருமா? அன்பு முதிர முதிரக் கவனமும் முதிர்ந்தது. மருந்து தேடுவதை அவர் விட்டாரில்லை என்பதையும் நினைவில் வையுங்கள்.

புகையாலும் மதுவாலும் இந்நிலையை எய்தலாம் என்பாரும் உளர். கஞ்சாவுக்குச் 'சிவமூலி' என்று பெயரிட்டுவிட்டால் போதும் போலும்! திருமூல நாயனார் கள்ளுண்ணாமை என்று ஓர் அதிகாரமே வகுத்திருப்பதை இவர்கள் படிப்பதில்லை. அமெரிக்க அறிஞர் வில்லியம் ஜேம்ஸ் 1901, 1902 ஆம் ஆண்டுகளில் எடின்பரோ நகரில் சமய அனுபவங்களைப் பற்றிப் பேருரை ஆற்றியவர். அவர் அதற்கு முன்னரே சிரிப்பூட்டும் வாயுவை முகர்ந்து, பேருண்மை புலப்பட்டதாகக் கருதி அவற்றை எழுதியும் வைத்தார். தெளிந்தபின் படித்தால் அவ்வெழுத்தில் பொருளே இல்லை! அனுபவங்களை அவற்றின் பயன் கொண்டே அளக்கவேண்டும் என்பது அவர் கொள்கை.

இனி, நெஞ்சை வருத்தும் ஒன்று. 2001 ஆம் ஆண்டு ஆகஸ்டு 6 ஆம் நாள் இராமநாதபுரம் மாவட்டத்து ஏர்வாடியில், மனநோயாளரை வைத்திருந்த தனியார் கொட்டகை தீப்பற்றியது. சங்கிலியாற் பிணிக்கப்பட்டிருந்தமையால் ஓட இயலாது 28 பேர் மாண்டனர். இறையருளால் குணமாகும் என்று உற்றார் கொண்டுவந்து விட்டவர்கள். இதில் எச்சமயத்தாரையும் குறைகூற நமக்கு உரிமையில்லை; நம் ஊர்களிலும் பிணித்திருக்கிறோம். 2017 ஆம் ஆண்டின் மனநலச் சட்டம் சங்கிலியிடுதலை முற்றும் விலக்கிவிட்டது. கோயிலால் பயனே இல்லையோ எனின், உண்டு. பெங்களூர்த் தேசிய மனநல, நரம்பியல் நிலையத்தார் தென்னாட்டுக் கோயில் ஒன்றில் தங்கிய மனநோயாளர் 31 பேரை ஆராய்ந்து 2002 இல் வெளியிட்டனர். சராசரி ஆறு வாரம் தங்கியவர்க்கு நோய்க்குறிகள் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு குறைந்தன. அங்கே சங்கிலியில்லை. கோயிலைத் தூய்மை செய்தல், செடிக்கு நீரூற்றல் முதலிய எளிய பணிகளும், பரிவுடைய சூழலுமே இருந்தன. நாம் சரியை என்று கூறுவது இதனைத்தானே! இதுகொண்டு மருத்துவரை விலக்குதல் கூடாது. பச்சிலையும் வேண்டும், திருமுன்னும் வேண்டும்.

நாளை மறுநாள் தேரோட்டம். வெயிலில், நெரிசலில் யாரேனும் விழக்கூடும். விழுந்தவரைச் சுற்றிக் குலவையிடாமல் காற்றுவர வழிவிடுங்கள். வலிப்பெனில் கையில் இரும்புச் சாவியைத் திணிக்கவும் வேண்டா, வாயில் நீர் வார்க்கவும் வேண்டா, ஒருக்களித்துக் கிடத்துங்கள். ஐந்து நிமிடத்திற்கு மேலும் நீடிப்பின் உடனே மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லுங்கள். மூச்சுச் சீராகும்வரை ஒருவர் அருகிருப்பாராக. எழுந்தபின் அவரிடம் குறி கேளாமல், வீடு எங்கே என்று கேட்டு, உடன்சென்று விட்டு வாருங்கள்.