காலத்தைக் கட்டும் தகடு



கெட்ட காலத்தையே திருப்பிவிடும் எழுத்து ஒன்று இருப்பதாகச் சொல்லுகிறார்கள். செப்புத் தகட்டில் கட்டம் கிழித்து, "ஓம்", "ஹ்ரீம்" என்று எழுதி நிலைவாசலில் பதித்தால் சனியும் ராகுவும் அண்டமாட்டார்களாம்!

குபேர எந்திரத்தையே பாருங்கள். மேல்வரிசையில் 27, 20, 25. நடுவில் 22, 24, 26. கீழே 23, 28, 21. எப்படிக் கூட்டினாலும் 72. இதுதான் அதன் மகிமையாம். ஒவ்வொன்றிலும் 19-ஐக் கழியுங்கள். 1 முதல் 9 வரை நிற்கும்; எப்படிக் கூட்டினாலும் 15. இது சீனர்கள் வெகு காலத்துக்கு முன்பே அறிந்த கணக்கு. எல்லா எண்ணோடும் ஒரே தொகையைக் கூட்டிக்கொண்டே போனால், பள்ளிப் பிள்ளைகூடப் பொழுது சாய்வதற்குள் நூறு எந்திரம் செய்துவிடுவான்.

திங்கட்கிழமை ராகு காலம் 7.30 முதல் 9 மணி வரை என்று காலண்டரில் போட்டிருக்கிறது. ரங்கூன் கடிகாரம் நம்முடையதற்கு ஒரு மணி முந்தியது. காரைக்குடியில் 8.15 ஆகும்போது அங்கே 9.15. ஒரே நொடி அண்ணனுக்கு இங்கே விஷம், தம்பிக்கு அங்கே அமிர்தமா?

நம் ஊர்க்காரர்கள் நாள் பார்க்காமலா பர்மாவுக்குக் கப்பலேறினார்கள்? 1942 மார்ச்சில் ஜப்பானியர் ரங்கூனைப் பிடித்தார்கள். அந்த ஆண்டில் லட்சக்கணக்கான இந்தியர் காட்டுவழியே நடந்து வந்தார்கள். எத்தனையோ பேர் வழியிலேயே மாண்டார்கள். அத்தனை பேருக்கும் ஒரே ஜாதகமா? ஒரு தகடாவது அந்தக் காலத்தைத் தடுத்ததா?

இன்னொன்றும் கேட்கிறேன். காலத்தைக் கட்டத் தெரிந்த அந்த மனிதர் உங்களிடம் கூலியை மட்டும் ஏன் முன்கூட்டியே வாங்கிக்கொள்ளுகிறார்?